கடைசி வரிசைக்குக் கேட்ட குரல்



நடிகர் ஒருவர் அரை நூற்றாண்டுக் காலம் நிலைத்து நிற்க முகப்பொலிவும் நல்வாய்ப்பும் போதா என்பதும், இளமையில் கைவந்த பயிற்சியை முதுமையில் அடக்கியாளும் திறனும் வேண்டும் என்பதும் சிவாஜி கணேசனின் (1928–2001) கலைவாழ்வை ஊன்றி நோக்குவோர்க்குப் புலப்படும். 1952இல் ‘பராசக்தி’யில் தொடங்கி 1999இல் ‘படையப்பா’வையும் கடந்து 280க்கு மேற்பட்ட படங்களில் நடித்த அவர் பயின்ற பள்ளி, யதார்த்தம் பொன்னுசாமிப் பிள்ளையின் பாய்ஸ் கம்பெனி ஆகும். சிறுவர்களைச் சேர்த்து, உணவும் உறைவிடமும் தந்து, பாட்டையும் வசனத்தையும் மனனம் செய்வித்து, ஊர் ஊராக அழைத்துச் சென்ற நாடகக் குழுவையே அக்காலத்தில் பாய்ஸ் கம்பெனி என்றனர். அங்கே ஸ்திரீபார்ட் எனப்பட்ட பெண்வேடமும், ராஜபார்ட் எனப்பட்ட தலைமைவேடமும் ஒரே உடம்பில் ஏறி இறங்கின.

அவர்மீது நெடுங்காலமாகச் சொல்லப்படும் குறை மிகைநடிப்பு என்பதாகும். அதை முற்றாக மறுப்பதற்கில்லை. எழுபதுகளின் பிற்பகுதிப் படங்கள் சிலவற்றில் அழுகையும் கர்ச்சனையும் கதையின் தேவையைக் கடந்துவிடுகின்றன. ஆயினும் கொட்டகையின் கடைசி வரிசைக்கும் எட்டவேண்டும் என்று பழக்கப்பட்ட குரல் அது என்பதை இலங்கையின் மன்னார்க் கரையில் பிறந்தோர்க்கு விரித்துரைக்க வேண்டியதில்லை. அங்கே மாதோட்டப் பாங்கு, யாழ்ப்பாணப் பாங்கு என இருவகையாக வழங்கும் கத்தோலிக்க நாட்டுக்கூத்துகளையும், புனிதர் வரலாற்றைச் சுருக்கி ஆடும் வாசாப்பையும், கூத்தின் ஆசானாகிய அண்ணாவியார் மாதக்கணக்கில் பழக்கியே மேடையேற்றுவார். கட்டுக்கரைக் குளத்து வயல்வெளிக் காற்றை எதிர்த்து விடியும்வரை பாடுபவர் முணுமுணுத்தால் பார்வையாளர் எழுந்து போய்விடுவர்.

மேடையில் வெற்றிகண்ட ‘வீரபாண்டிய கட்டபொம்மன்’ 1959இல் படமாகி, 1960இல் கெய்ரோவில் நடந்த ஆசிய–ஆப்பிரிக்கத் திரைப்பட விழாவில் அவருக்குச் சிறந்த நடிகர் விருதைப் பெற்றுத் தந்தது. அதே ஆண்டில் ‘லா டோல்சே வீட்டா’ படத்தால் உலகறிந்த இத்தாலிய நடிகர் மார்செல்லோ மாஸ்த்ரோயானியும், இயக்குநர் விஸ்கோந்தியின் நாடகக் குழுவில் 1948 முதல் பழகியவரே, ஆனால் படக்கருவியின் முன் அவர் தாழ்ந்த குரலில் பேசியதை அந்நாட்டார் விரும்பி ஏற்றனர். சிவாஜியிடமிருந்து தமிழர் எதிர்பார்த்தது வேறு. அவர் நடித்த, பாடலே இல்லாத ‘அந்த நாள்’ (1954) வெளிவந்தபோது பெரிதாக ஓடவில்லை என்பதை அவரைக் குறைகூறுவோர் மறந்துவிடுகின்றனர்.

‘தில்லானா மோகனாம்பாள்’ (1968) படத்தில் நாதசுரம் வாசித்தவர்கள் மதுரை சேதுராமன்–பொன்னுசாமி சகோதரர்கள். ஆனால் விரலின் அசைவும், மூச்சை இழுத்து நிறுத்தும் கன்னத்தின் விம்மலும் நடிகருடையவை. ஒலியைத் தராமலே ஒலியை நம்பவைத்த இந்த உழைப்பு அவருடைய எந்த நீண்ட வசனத்துக்கும் குறைந்ததன்று. இலங்கைக் கூட்டுமுயற்சியில் மாலினி பொன்சேகாவுடன் நடித்த ‘பைலட் பிரேம்நாத்’ (1978) போன்றவற்றைக் கடந்து ‘முதல் மரியாதை’க்கு (1985) வரும்போது, முப்பது ஆண்டுகளுக்குமேல் முழங்கிய குரல் ஆற்றங்கரைப் பேச்சாகத் தணிந்துவிடுகிறது. ‘தேவர் மகன்’ (1992) படத்தில் அவர் பேசாதிருக்கும் இடங்களே கனமானவை. பேசத் தெரிந்தவரின் மௌனம் என்பதால்தான் அதற்கு அந்தக் கனம்.

அவருக்கு 1995இல் பிரான்சின் செவாலியர் விருதும், பின்னர் 1996ஆம் ஆண்டுக்குரிய தாதாசாகேப் பால்கே விருதும் கிடைத்தன. அவரைப் பழக்கிய பாய்ஸ் கம்பெனிப் பயிற்சியோ படச்சுருளில் பதிவாகவில்லை. மன்னாரில் உயிலங்குளத்தைச் சூழ்ந்த ஊர்களின் கூத்துப் பயிற்சிக்கும் நிலைமை அதுவே. இன்று பட்டம் பெறுவோர் ஒவ்வொருவரும் தத்தம் ஊரின் மூத்த அண்ணாவியாரிடம் சென்று, அவர் வைத்திருக்கும் கூத்துக் கொப்பியைப் படமெடுத்து, அவர் பாடும் மெட்டுகளைக் கைபேசியில் பதிவுசெய்து, இவ்வாண்டுக்குள்ளேயே ஒரு நூலகத்தில் சேர்த்துவிட வேண்டும் என்பதே இம்மேடையின் வேண்டுகோள்.