போதகர் கேட்ட பாடம்
(நூற்றாண்டு விழாவில் ஆற்றிய உரை)



அமெரிக்காவின் ஆரம்பகாலப் போதகர் ஒருவரைப் பற்றிச் சில நிமிடங்கள் பேச விரும்புகிறேன். கொட்டன் மேதர் 1663இல் பொஸ்டனில் பிறந்தவர். சிறுவயதில் அவருக்குத் திக்குவாய். பிரசங்கம் செய்ய முடியாமற் போய்விடுமோ என்று அஞ்சி மருத்துவ நூல்களைக் கற்றார். பின்னர் அக்குறையை வென்று, 1685இல் குருவாகி, 1728இல் இறக்கும்வரை ஒரே சபையில் பிரசங்கித்தார். 1713இல் பரவிய சின்னமுத்து, இரண்டு வாரங்களுக்குள் அவருடைய மனைவியையும் மூன்று பிள்ளைகளையும் கொண்டுபோனது. அந்நோயாளரைப் பராமரிப்பது எப்படியென்று ஏழைகளுக்காக ஒரு சிறு பிரசுரமும் எழுதினார்.

அவரைப் புனிதராகக் காட்ட நான் வரவில்லை. 1692இல் சேலத்தில் நடந்த சூனிய வழக்குகளை நியாயப்படுத்தி எழுதியவரும் இவரே. சபையார் 1706இல் அன்பளிப்பாகக் கொடுத்த ஓர் ஆபிரிக்கரை அடிமையாக வைத்திருந்தார். பவுல் அப்போஸ்தலரின் நிருபத்தில் வரும் அடிமையின் பெயரையே அவருக்கும் இட்டார்: ஒநேசிமு.

பெரியம்மை வந்ததுண்டா என்று மேதர் ஒருநாள் அவரிடம் கேட்டார். தோலைக் கீறி அம்மைப் பாலைச் சிறிதளவு வைக்கும் தன் நாட்டு வழக்கத்தை ஒநேசிமு விளக்கி, கையிலிருந்த தழும்பையும் காட்டினார்.

1721இல் பொஸ்டனில் பெரியம்மை பரவியது. மேதர் மருத்துவர்களுக்கு இம்முறையை எழுதி அனுப்பினார். சப்டியேல் பொயில்ஸ்டன் ஒருவரே முன்வந்தார். தன் 6 வயது மகனுக்கும் இரண்டு அடிமைகளுக்கும் முதலில் செய்தார். அந்த அடிமைகளின் சம்மதத்தை யாரும் கேட்டிருக்கமாட்டார்கள். ஒரு வைத்தியராக அதை நான் சொல்லாமல் விடமுடியாது.

ஆபிரிக்கர் சொல்வதை நம்புவதா என்று படித்தவர்கள் ஏளனம் செய்தனர். மேதரின் வீட்டுக்குள் வெடிகுண்டும் எறியப்பட்டது, அது வெடிக்கவில்லை. முடிவைக் கணக்குச் சொன்னது. இயல்பாக நோய்கண்டவர்களில் ஏறத்தாழ ஏழு பேருக்கு ஒருவர் இறந்தார். பொயில்ஸ்டன் அம்மை குத்திய 242 பேரில் இறந்தவர்கள் 6 பேர்.

மேதர் வாழ்நாளெல்லாம் பிரசங்கித்தவர். ஆனால் அவர் பேசியதைவிட, ஒருமுறை செவிகொடுத்துக் கேட்டதே அதிக உயிர்களைக் காத்தது என்று நான் நினைக்கிறேன். எங்கள் வாட்டிலும் பிள்ளையின் நோயை முதலில் கண்டுபிடிப்பவர் பலவேளைகளில் அருகில் இருக்கும் அம்மம்மாதான்.

மாணவிகளே, இங்கே பேசக் கற்றுக்கொள்கிறீர்கள். மேடைகளில் பரிசும் வாங்குகிறீர்கள். கேட்கவும் கற்றுக்கொள்ளுங்கள். சொல்பவரின் நிலையைப் பாராமல், சொல்வதைக் கேளுங்கள். அதைச் சோதித்துப் பாருங்கள். உண்மையென்று கண்டால், சொன்னவரின் பெயரையும் சேர்த்தே உலகுக்குச் சொல்லுங்கள்.