நேற்றைத் திருத்த இயலுமா?

(சங்கத்தின் ஆண்டு விழாவில் ஆற்றிய உரை)



வேடம் புனைந்த குழந்தைகள் திரைக்குப் பின்னே காத்திருக்கின்றனர். ஆதலின் நீட்டிக்க மாட்டோம். சங்கத்தார் எமக்கு அளித்த தலைப்பு ‘விஞ்ஞானமும் கற்பனையும்’ என்பதாகும். அக்கடல் முழுவதையும் நீந்த எம்மால் ஆகாது. ஒரு துறையில் மட்டும் இறங்குவோம். காலத்தில் பின்னோக்கிச் செல்லும் ஒருவன், நடந்து முடிந்ததை மாற்ற முடியுமா என்பதே அது.

எச். ஜி. வெல்ஸ் 1895-இல் வெளியிட்ட கால யந்திரக் கதையின் தலைவன் 802701-ஆம் ஆண்டுக்கு முன்னோக்கிப் போனான். ஆதலின் முரண்பாட்டில் சிக்கவில்லை. சிக்கலை நேருக்கு நேர் கண்டவர் ரெனே பர்ஜாவேல் என்னும் பிரெஞ்சு எழுத்தாளர். 1944-இல் நூலாக வந்த அவர் கதையில், ஒருவன் நெப்போலியனைக் கொல்லப் பழங்காலத்துக்குச் செல்கிறான். குறுக்கே வந்த வேறொரு வீரன் மடிகிறான். மடிந்தவனோ கொன்றவனுடைய முன்னோன்! முன்னோன் பிள்ளை பெறுமுன் மாண்டால் இவன் பிறந்தது எங்ஙனம்? பிறவாதவன் கொன்றது எங்ஙனம்?

இம்முடிச்சை அவிழ்க்கக் கதாசிரியர்களே ஒரு விஞ்ஞானத்தைப் படைக்கலாயினர். அமெரிக்கராகிய ஃப்ரிட்ஸ் லைபர் 1958-இல் எழுதிய ஒரு சிறுகதையில் அதற்கு ஒரு விதியையே வகுத்தார். ‘மெய்ம்மை அழிவின்மை விதி’ என்று அதனைத் தமிழில் கூறலாம். ஆற்றல் அழிவதில்லை என்று பள்ளியில் பயில்கிறோம் அல்லவா? அதைப் போலவே, நிகழ்ந்தது தன்னை மாற்ற வருவோரை எதிர்த்து நிற்குமாம். அக்கதையில் ஒருவன் மனைவியின் துப்பாக்கிக் குண்டு நெற்றியில் பாய்ந்து இறக்க வேண்டியவன். காலத்தில் பின்சென்று அச்சாவைத் தடுக்க முயல்கிறான். ஒரு வழியை அடைத்தால் மறு வழி திறக்கிறது. இறுதியில் வானிலிருந்து குண்டளவே உள்ள விண்கல் ஒன்று விழுந்து அதே நெற்றியைத் துளைக்கிறது! விதியைக் காப்பாற்ற விண்கல்லை அழைத்தது சற்று மிகைதான். ஆயினும் மறக்க முடியாத மிகை.

“இது தலையெழுத்துத்தானே?” என்று முன்வரிசைப் பாட்டியார் ஒருவர் முணுமுணுப்பது எம் செவியில் விழுகிறது. அன்று, அம்மையே. தலையெழுத்து நாளையையும் கட்டுகிறது. லைபரின் விதி நேற்றை மட்டுமே கட்டுகிறது.

எமக்கு இவ்விதியில் ஈடுபாடு வந்ததற்குக் காரணம் உண்டு. 1971-இல் எம் அன்னையார் நோயுற்றார் என்று ஊரிலிருந்து தந்தி வந்தது. அலுவலகத்தில் ஆண்டுக் கணக்கு முடிக்க வேண்டியிருந்தமையால் ஒரு நாள் தாமதித்தோம். எவரும் எம்மைத் தடுக்கவில்லை. கேட்டிருந்தால் விடுப்புக் கிடைத்திருக்கும். இரண்டு இரவு ரயிலில் கழித்து வீட்டை அடைந்தபோது, தமையனார் தலை மழித்த கோலத்தில் திண்ணையில் அமர்ந்திருந்தார். அந்த ஒரு நாளைத் திருத்திவிட எம் மனம் எத்தனையோ முறை பின்னோக்கி ஓடியதுண்டு. லைபரின் விதிப்படி, அன்றே புறப்பட்டிருந்தாலும் வழியில் ஒரு பாலம் பழுதாகியிருக்கும்!

கதையோடு இது நிற்கவில்லை. கார்ல் சேகன் 1985-இல் வெளியிட்ட நாவலுக்காகத் தம் நண்பர் கிப் தோர்னிடம் யோசனை கேட்டார். அதன் விளைவாகத் தோர்னும் அவர் மாணவரும் வெளியில் துளையிட்டாற்போன்ற குறுக்கு வழிகளை ஆராய்ந்தனர். இவை சமன்பாடுகளில் உள்ளவையே, எவரும் கண்டதில்லை. அத்தகைய துளை காலத்தில் பின்னோக்கியும் திறக்கக்கூடும் என்று 1988-இல் அவர்கள் எழுதினர். ஜோ போல்சின்ஸ்கி என்பார் உடனே ஒரு வினா எழுப்பினார். பில்லியர்ட்ஸ் பந்து ஒன்று துளையுள் புகுந்து, புகுவதற்குச் சற்று முன்னரே வெளிவந்து, தன்னையே மோதி, துளையுட் புகாதபடி தள்ளிவிட்டால் என்னாகும்?

கணக்கிட்டுப் பார்த்தவர்களுக்கு வியப்பு காத்திருந்தது. முரண்பாடற்ற விடையும் அதே கணக்கில் கிடைத்தது. வெளிவரும் பந்து முழு வேகத்துடன் மோதுவதில்லை; உராய்ந்து சிறிதே திசை மாற்றுகிறது. திசை மாறிய பந்து துளையுட் சற்றுக் கோணலாகப் புகுகிறது. கோணலாகப் புகுந்தமையாற்றான் வெளிவருகையில் உராய்ந்து மட்டும் போகிறது! ரஷிய அறிஞர் நோவிகோவ் இதனை ஒரு கொள்கையாகவே கூறினார்: பின்சென்றவன் அங்கு எதைச் செய்தாலும் அது முன்னரே வரலாற்றில் அடங்கியது.

இங்கே விண்கல் தேவையில்லை. பாலமும் பழுதாக வேண்டியதில்லை. அன்னையார் அருகே ஒருவன் சென்று அமரலாம், கையைப் பற்றலாம். ஆனால் அந்த இரவு முழுதும் உடனிருந்த தமக்கையார், வேறொருவர் வந்ததாக எம்மிடம் கூறியதே இல்லை. ஆதலின் யாம் அங்குப் போனதில்லை. இனிப் போகப் போவதுமில்லை. கணக்கு அவ்வளவு கறாரானது.

லாரி நிவன் என்னும் கதாசிரியர் 1971-இல் வேறொரு நகைச்சுவையான முடிவுக்கு வந்தார். நேற்றை மாற்ற முடியுமாயின் மனிதர் மாற்றிக்கொண்டே இருப்பர். கால யந்திரமே தோன்றாத ஒரு வரலாறு வாய்க்கும்போதுதான் அம்மாற்றம் ஓயும் என்றார். ஸ்டீஃபன் ஹாக்கிங்கோ, இயற்கையே பின்னோக்கிய வழியை அடைத்துவிடும் என்று 1992-இல் ஒரு கருதுகோளை வெளியிட்டார். 2009 ஜூன் 28 அன்று கேம்பிரிட்ஜில் அவர் ஒரு விருந்தும் வைத்தார். காலப் பயணிகளுக்கான விருந்து அது. அழைப்பை விருந்து முடிந்த பின்னரே வெளியிட்டார். பலகாரங்களும் மதுவும் காத்திருந்தன. ஒருவரும் வரவில்லை.

நாடகத்தின் முதல் மணி அடித்துவிட்டது.