தவணைச் சீட்டுக்குள் ஒளிந்திருக்கும் வட்டி
(அத்திப்பட்டில் இளைஞர்கள், வணிகர்கள் மத்தியில் ஆற்றிய உரையின் சுருக்கம்)



"வாடகை கொடுப்பதற்குப் பதில் மாதம் 18 ஆயிரம் கட்டினால் வீடு நமக்குத்தானே" என்கிறீர்கள். கடையில் கால் ரூபாய்க்குக் கணக்குப் பார்க்கும் நீங்கள், இதற்கும் கணக்குப் பாருங்கள்!

20 இலட்சம் கடன், 9 சதவீத வட்டி, 20 வருடம். தவணை ஏறத்தாழ 18,000. முதல் மாதம் அதில் 15,000 வட்டிக்கே போய்விடுகிறது. ஐந்து வருடம் தவறாமல் 10.80 இலட்சம் கட்டிய பின் பாக்கி எவ்வளவு தெரியுமா? 17.74 இலட்சம்! முடியும்போது கட்டியிருப்பது 43 இலட்சத்துக்கும் மேல்.

அதுவும் வட்டி ஏறாமல் இருந்தால்தான். 2022 மே முதல் 2023 பிப்ரவரிக்குள் ரிசர்வ் வங்கி ரெப்போ விகிதத்தை 4லிருந்து 6.5 சதவீதமாக்கியது. தவணைத் தொகை ஏறவில்லையே என்று பலர் நிம்மதியாக இருந்தார்கள். ஏறியது வருடங்கள்!

நபிகள் நாயகம் (ஸல்) அவர்கள் இறுதி ஹஜ் உரையில் வட்டியை ஒழித்தபோது, முதலில் தள்ளுபடி செய்தது தம் சிறிய தந்தை அப்பாஸ் (ரலி) அவர்களுக்கு வரவேண்டிய வட்டியைத்தான். ஊருக்கு உபதேசம் செய்யுமுன் சொந்த வீட்டில் தொடங்கினார்கள்.

வட்டியில்லா வங்கி வேண்டுமென்று 2008ல் ரகுராம் ராஜன் குழுவே பரிந்துரைத்தது. 2017ல் ரிசர்வ் வங்கி அதைக் கைவிட்டது. நம் கோரிக்கை நிற்கக் கூடாது.

ஏற்கெனவே சிக்கியவர்கள் கேளுங்கள்: தனிநபரின் மாறும் வட்டி வீட்டுக் கடனை முன்கூட்டி அடைத்தால் வங்கி அபராதம் கேட்க 2012லேயே தடை வந்துவிட்டது. கையில் சேரும் பணத்தை ஆரம்ப வருடங்களிலேயே அசலில் கட்டுங்கள். கடன் கணக்குத் தாளை எடுத்து வாருங்கள். கூட்டம் முடிந்ததும் உட்கார்ந்து பார்ப்போம்.