பல்கனியில் ஒரு மிர்த்தோச் செடி
(போர்கோ வெக்கியோ தமிழ்க் குடியிருப்பாளர்களுக்கு ஆற்றிய உரை)



போர்கோ வெக்கியோவின் நெருக்கமான தெருக்களில் நம்மில் பெரும்பாலானோர்க்கு முற்றம் இல்லை. பல்கனியே நமது தோட்டம். அங்கே வளர்க்கத்தக்க ஓர் அழகுச் செடியைப் பற்றியும், அதற்கு நீர் விடும் முறையைப் பற்றியும் இன்று கூற விழைகிறேன்.

மிர்த்தோ என இத்தாலியர் அழைக்கும் இச்செடி சிசிலி மண்ணுக்கு உரியது. நாவல், கொய்யா, கிராம்பு ஆகியவற்றின் குடும்பத்தைச் சேர்ந்தது; இலையைக் கசக்கினால் நறுமணம் வீசும். கோடையில் வெண்ணிறப் பூக்களும், இலையுதிர்காலத்தின் இறுதியில் கருநீலக் கனிகளும் தோன்றும். அக்கனிகள் உண்ணத்தக்கவை. இங்கு லந்தானா என்ற பெயரில் விற்கப்படும் நம் ஊர் உண்ணிச்செடியோ அத்தகையதன்று. அதன் பச்சைக் காய்கள் நஞ்சுடையவை. பிள்ளைகள் உள்ள வீட்டினர் இவ்வேறுபாட்டை மறத்தலாகாது.

2024ஆம் ஆண்டு மே மாதத்தில் வறட்சி காரணமாகச் சிசிலியில் அவசரநிலை அறிவிக்கப்பட்டதையும், அக்டோபரில் பலெர்மோவின் பல பகுதிகளில் முறைவைத்து நீர் வழங்கப்பட்டதையும் நாம் அறிவோம். ஆகவே, குறைந்த நீரில் வாழும் செடியைத் தெரிவு செய்வதே அறிவுடைமை.

தரையில் வேரூன்றிய மிர்த்தோ வறட்சியைத் தாங்கும். சாடியில் உள்ளதற்கு மண் சிறிதாகையால் நமது உதவி வேண்டும். இரண்டு விரற்கடை ஆழத்துக்கு மண் காய்ந்த பின்னரே, அடித்துளை வழியே நீர் கசியும்வரை ஊற்றுங்கள். நாள்தோறும் சிறிது தெளிப்பதால் வேர் மேலேயே தங்கிவிடும். சிரோக்கோ வெப்பக்காற்று வீசும் நாள்களில் மண்ணை அடிக்கடி தொட்டுப் பாருங்கள். உப்பிடாத, அரிசியும் காய்கறியும் கழுவிய நீரே போதுமானது; சவர்க்கார நீர் ஆகாது.

சாடியின் அடித்தட்டில் நீர் தேங்கவிடாதீர்கள். வேர் அழுகுவதோடு, டெங்கு நோயைப் பரப்பவல்ல புலிக்கொசுவும் அதில் முட்டையிடும். கோடையில் ஏறத்தாழ ஒரு வாரத்தில் முட்டை கொசுவாகிவிடும். நம் பல்கனியில் பிறக்கும் கொசு அயலவரின் பிள்ளையையும் கடிக்கும் அன்றோ?

பூ உதிர்ந்ததும் கிளைகளை வெட்டினால் கனி கிடையாது. குளிர்காலத்தின் முடிவில் சிறிதளவே கத்தரியுங்கள். புதிதாக நடுவோர் அக்டோபர், நவம்பர் மாதங்களில் நடுவது நன்று. குளிர்கால மழையைத் துணையாகக் கொண்டு அடுத்த கோடைக்கு முன் வேர் நிலைபெற்றுவிடும்.