மாயச் சந்தையில் என்ன விலை?



சில ஆண்டுகளுக்கு முன் உயர்நிலைப்பள்ளி மாணவி ஒருவர் தாம் எழுதிய கதையை நம்மிடம் கொண்டுவந்தார். கதை முழுமையாக இருந்தது. தலைப்பு இருக்க வேண்டிய இடம் மட்டும் வெறுமையாக இருந்தது. மந்திரப் பொருள்களை மறைவாக விற்கும் சந்தைக்குத் தமிழில் என்ன பெயர் என்று கேட்டார். நாம் சற்றும் தயங்காமல் ‘மாயக் கள்ளச்சந்தை’ என்றோம். “ஐயா, கள்ளச்சந்தை என்றால் சினிமா டிக்கெட் விற்பதுபோல இருக்கிறதே” என்றார். நமக்கு மறுமொழி தோன்றவில்லை. பின்னர் அவர் அக்கதையை ஆங்கிலத்தில் எழுதி வேறொரு போட்டிக்கு அனுப்பியதாகக் கேள்விப்பட்டோம். இன்றைய உரை அவருக்குக் காலம் தாழ்த்திச் சொல்லும் மறுமொழி.

முதலில் அந்தச் சந்தைகளுக்குள் சென்று பார்ப்போம். ஆங்கிலக் கவிஞர் கிறிஸ்டினா ரோசெட்டி 1862-இல் வெளியிட்ட ‘காப்ளின் மார்க்கெட்’ என்னும் நெடுங்கவிதையில் குறளி மனிதர்கள் அந்தி நேரத்தில் பழங்களைக் கூவி விற்கின்றனர். லாரா என்னும் பெண்ணிடம் காசில்லை. பொன்னிறக் கூந்தலில் ஒரு சுருளைக் கொடு என்கின்றனர். ஒரு துளிக் கண்ணீருடன் வெட்டிக் கொடுக்கிறாள். பழத்தைத் தின்ற பின் அவர்கள் கூவும் குரலே அவள் செவியில் விழுவதில்லை, ஏக்கத்தால் மெலிகிறாள். அவளைக் காப்பாற்றச் சகோதரி லிஸ்ஸி வெள்ளிக் காசோடு செல்கிறாள். அங்கேதான் வியப்பு: நல்ல காசை அவ்வணிகர்கள் ஏற்க மறுத்துத் திருப்பி எறிகின்றனர். காசு வாங்காத வணிகனைவிட அச்சமூட்டுபவன் யார்?

ரௌலிங்கின் ஹாரி பாட்டர் கதைகளில் சந்தை வேறுவிதமானது. 1998-இல் வெளிவந்த இரண்டாம் நூலில் ஹாரி, கணப்படுப்பின் வழியே பயணம் செய்யும்போது டயகான் சந்தின் பெயரைப் பிழையாக உச்சரித்து, நாக்டர்ன் சந்திலுள்ள ஓர் இருண்ட கடையில் போய் விழுகிறான். (உச்சரிப்புப் பிழையின் விளைவை மாணவர்க்குக் காட்ட இதைவிட நல்ல சான்று நமக்குக் கிடைக்கவில்லை.) நாக்டர்ன் சந்து என்னும் பெயரைச் சேர்த்துச் சொன்னால் ‘இரவு வேளையில்’ எனப் பொருள்படும் ஆங்கிலச் சொல்லாகிவிடும். அக்கடைக்கு லூசியஸ் மால்ஃபாய் வருவது வாங்குவதற்கன்று, விற்பதற்கு. அமைச்சு வீடுகளைச் சோதனையிடுகிறது. நஞ்சுகள் வீட்டில் இருக்கலாகாது. தடை வந்ததும் பொருள் மறைவிடம் தேடுகிறது. அங்கே விலையை வைப்பது யார்?

இதற்கு விடை 2005-இல் வந்த ஆறாம் நூலில் இருக்கிறது. கைவிடப்பட்ட கருவுற்ற பெண் மெரோப்பி, தன் குலத்தின் பழம்பெரும் பதக்கத்தை அதே கடையில் விற்கிறாள். அதன் அருமை அவளுக்குத் தெரியவில்லை. கடைக்காரர் கொடுப்பது பத்து காலியன். ஹாரியின் மந்திரக்கோலுக்கே ஏழு காலியன் என்று முதல் நூலில் படித்தவர்கள் இந்த இடத்தில் ஒரு கணம் நின்றுவிடுவார்கள். நம் கணிப்பில், அந்நூல்களில் நிகழும் எத்தனையோ மந்திரக் கொடுமைகளைவிட மந்திரமே இல்லாத இந்தப் பேரம் கொடியது.

நீல் கெய்மனின் ‘நெவர்வேர்’ (1996) காட்டும் மிதக்கும் சந்தையையும் ஒரு வரியில் சொல்லிவிடுகிறோம்: அது இடம் மாறிக்கொண்டே இருக்கும், பண்டமாற்றில் நடக்கும், அங்கே பகைவரும் ஒருவரையொருவர் தொடக்கூடாது.

இனி நம் சொற்களுக்கு வருவோம். மதுரைக்காஞ்சி பகற்கடையை நாளங்காடி என்றும் இரவுக்கடையை அல்லங்காடி என்றும் கூறுகிறது. அல் என்றால் இரவு. நாக்டர்ன் சந்துக்கு நிகராக அல்லங்காடி என்று வைக்க ஆசை வருகிறது. ஆனால் மதுரையின் அல்லங்காடி ஒளிந்து நடந்ததன்று. நம் ஊரின் பசார் மாலாம் போல ஊரறிய நடந்தது. எனவே அச்சொல்லை அப்படியே எடுத்தால் பாதிப் பொருள்தான் கிட்டும்.

சிலப்பதிகாரத்தின் புகார் நகரில் இன்னொன்று உண்டு. அங்கே நாளங்காடியைப் பூதம் காவல் காக்கிறது. வெள்ளிடை மன்றத்தில் காவலர் இல்லாமல் பொதிகள் கிடக்கும். திருடியவன் கழுத்து நோக அச்சுமையைச் சுமந்து திரிவான். சதுக்கப் பூதமோ பொய்ச்சான்று கூறுவோரைப் பாசத்தால் பிணித்து விழுங்கும். ஆக, புகாரில் மாயம் சந்தையின் காவலன் பக்கம் நிற்கிறது. நாம் மேலே பார்த்த ஆங்கிலக் கதைகளில் அது விற்பவன் பக்கம் நிற்கிறது. அப்பூதத்தின் கண்ணில் படாமல் புகாரில் ஒரு மறைவுச் சந்தை நடந்திருந்தால் எப்படி நடந்திருக்கும்? அங்கே பொய் பேசாமல் விலை சொல்ல வேண்டுமே! இந்தக் கதையை இதுவரை நாம் படித்ததில்லை. எழுதுவதற்கு இந்த அவையிலேயே பலர் இருக்கிறீர்கள்.

கள்ளச்சந்தை என்னும் சொல்லையும் நாம் எளிதில் கைவிட வேண்டியதில்லை. 1942 முதல் 1945 வரை ஜப்பானியர் ஆட்சியில் இம்மண்ணில் அரிசி பங்கீட்டில் கிடைத்தது; போதாதவர் மறைவாக வாங்கினர். வாழைமரம் அச்சிட்ட நோட்டுகள் போர் முடிந்ததும் வெறுங்காகிதமாயின. நேற்றுவரை செல்லுபடியான காசு ஒரே நாளில் செல்லாமற்போவது எந்த மந்திரக் கதைக்கும் குறைந்ததன்று. வீட்டுப் பெரியவர்களிடம் அக்காலத்தைக் கேட்டறிந்த மாணவருக்குக் கள்ளச்சந்தை என்பது டிக்கெட் விற்கும் இடமாக ஒலிக்காது.

ஆசிரியர்களிடம் ஒன்று கூற வேண்டும். இத்தகைய கதை மேசைக்கு வரும்போது ஆங்கிலச் சொல்லைச் சிவப்பு மையால் வட்டமிடுவதற்கு முன், அச்சந்தையில் எதைக் கொடுத்து எதை வாங்குகிறார்கள் என்று கேளுங்கள். கூந்தலா, குரலா, பெயரா என்று தெரிந்த பிறகே சந்தைக்குப் பெயர் தேடலாம். அன்று அம்மாணவியிடம் நாம் அதைக் கேட்கவில்லை. அவர் கதையில் ஒரு சிறுமி, தன் பாட்டி தன்னை அழைக்கும் செல்லப்பெயரை விற்று மருந்து வாங்குகிறாள். வீடு திரும்பியபோது பாட்டி கண் திறந்து பார்க்கிறார், அழைக்க வாய் திறக்கிறார், பெயர் வரவில்லை. நம் கையிலிருந்த தாளின் கடைசிப் பத்தியில் அது இருந்தது. நாமோ தலைப்பைப் பற்றியே பேசிக்கொண்டிருந்தோம்.