வைப்புத்தொகை நம் பணம்



புல்வெட்டும் குத்தகை, துப்புரவுக் குத்தகை எடுத்த நம்மவர் பலருக்கு, அரசு அலுவலகத்தில் கட்டிய வைப்புத்தொகை வேலை முடிந்தும் திரும்புவதில்லை. "அடுத்த மாதம் வாங்க" என்ற பதிலிலேயே வருடங்கள் ஓடிவிடுகின்றன. அது அவர்கள் போடும் பிச்சையல்ல, உங்கள் பணம்.

ரசீது, ஒப்பந்தம், வேலை முடிந்த கடிதம் மூன்றையும் பத்திரப்படுத்துங்கள். பணத்தை எழுத்து மூலம் கேளுங்கள்; கடித நகலில் அலுவலக முத்திரை வாங்குங்கள்.

அப்படியும் தராவிட்டால் நீதிமன்றம் இருக்கிறது. 1 லட்சம் வெள்ளி வரை மஜிஸ்திரேட் நீதிமன்றத்திலேயே வழக்குப் போடலாம். தீபகற்ப மலேசியாவில், 1953 காலவரம்புச் சட்டப்படி ஒப்பந்த வழக்குக்கு 6 ஆண்டு அவகாசம் உண்டு. ஆனால் 1948 பொது அதிகாரிகள் பாதுகாப்புச் சட்டத்தைக் காட்டி, 36 மாதம் கடந்துவிட்டது என்று எதிர்த்தரப்பு வாதாடக்கூடும். அதற்கு இடம் கொடுக்காமல் 3 ஆண்டுக்குள் வழக்கைப் பதிந்துவிடுங்கள்.

கெஞ்ச வேண்டாம், உரிமையோடு கேளுங்கள்.