களத்திலிருந்து ஒலிவாங்கிக்கு
(சங்கத்தின் ஆண்டு விழாவில் நிகழ்த்திய சொற்பொழிவு)



மாத்தளைக்கும் தம்புள்ளைக்கும் நடுவே பெருந்தெருவோரம் வாழும் நமக்கு மோட்டார் வண்டி புதுமையன்று. நுவரெலியாவில் 1934ஆம் ஆண்டு தொடங்கிய மகாகஸ்தோட்டை மலையேற்றப் பந்தயத்தைப் பெரியோர் அறிவீர்கள். ஆயினும் வண்டி ஓட்டுபவரைக் கொண்டாடும் நாம், பந்தயத்தை எடுத்துரைப்பவரை நினைப்பதில்லை. அத்தகைய ஒருவரைப் பற்றியே இன்று பேச முன்வந்தோம்.

கருண் சந்தோக் 1984இல் சென்னையிற் பிறந்தவர். 1953இல் சென்னை மோட்டார் விளையாட்டுக் கழகத்தை நிறுவியோருள் அவருடைய பாட்டனாரும் ஒருவர். பாதை இலகுவாயிருந்திருக்கும் என்று எண்ணத் தோன்றும். 2010 மார்ச்சில், பஹ்ரெயினில், பார்முலா ஒன் பந்தயத்துக்கு அவர் முதன்முதல் வந்தபோது நடந்ததைக் கேளுங்கள். ஹிஸ்பானியா என்னும் புதுக் குழுவின் வண்டி பயிற்சிக்கு ஆயத்தமாகவேயில்லை. தகுதிச் சுற்றிலேதான் அவர் அதை முதன்முறையாக ஓட்டினார்! மறுநாள் இரண்டாம் சுற்றிலேயே வண்டி மோதுண்டு நின்றது. பத்துப் பந்தயங்களோடு அவருடைய ஆசனம் வேறொருவருக்குப் போயிற்று. அடுத்த ஆண்டு ஜெர்மனியில் ஒரேயொரு பந்தயம். 2011 அக்டோபரில் இந்தியாவின் முதலாவது கிராண்ட் பிறீ தில்லிக்கு அண்மையில் நடைபெற்றபோது, வெள்ளிக்கிழமைப் பயிற்சி மட்டுமே அவருக்குக் கிட்டியது. பந்தய நாளில் ஓடிய இந்தியர் கோயம்புத்தூர் நரேன் கார்த்திகேயன் ஒருவரே. தாய்நாட்டிலே வேடிக்கை பார்க்க நேர்ந்தவரின் மனநிலையை நாம் சொல்லவும் வேண்டுமோ?

அவரோ பந்தயத்தை விட்டகலவில்லை. 2016இல் பிரித்தானியாவின் சனல் போர் தொலைக்காட்சியிலும், 2019 முதல் ஸ்கை நிறுவனத்திலும் வர்ணனையாளராக அமர்ந்தார். அங்கே இது பழைய மரபு. 1980 முதல் 1993 வரை மறி வோக்கர் களத்தில் நடப்பதை உணர்ச்சி பொங்கச் சொல்வார். அருகிருந்த ஜேம்ஸ் ஹண்ட், 1976இன் உலக வீரர், அஃது ஏன் நடந்தது என்பார். சந்தோக் அமர்ந்திருப்பது ஹண்டின் ஆசனம், கிரீடந்தான் இல்லை. இரு வண்டிகளின் படங்களைத் திரையில் அருகருகே ஓடவிட்டு, எந்த முடக்கில் யார் முந்திப் பிறேக்கை மிதித்தார், நேரம் எங்கே நழுவியது என்று விளக்குவார். கடைசி வரிசை வண்டிக்காரனின் பாட்டை, என்றும் முன்வரிசையிலேயே நின்ற வீரரைவிட அவர் நன்கறிவார் என்பது எமது துணிபு.

அடுத்த முறை நுவரெலியாப் பந்தயத்துக்குச் செல்லும் அங்கத்தவர்களிடம் ஒரு விண்ணப்பம். வென்றவரின் பெயரோடு திரும்பிவிடாதீர்கள். கடைசியாக மலையேறிய வண்டிக்கு எந்த முடக்கில் என்ன நேர்ந்தது என்பதையும் கண்டு வந்து, நமது வாராந்தக் கூட்டத்திலே சொல்லுங்கள்.